ஆற்றல் கல் உங்கள் கதையைக் கெடுக்கிறதா? அறிகுறியிலிருந்து பழுதைப் பிடிக்கும் வழி

மாய உலகக் கதை எழுத உட்காரும் நம்மில் பலரும் ஏதோ ஓர் அத்தியாயத்தில் ஆற்றலைத் தேக்கி வைக்கும் கல்லொன்றைக் கொண்டுவந்துவிடுகிறோம். விளக்கெரிய அது வேண்டும், பறக்கும் கப்பலுக்கு அது வேண்டும், கடைசிப் போரில் மதிலை உடைக்கவும் அதுவே வேண்டும். என் நாவலில் வந்த கல்லுக்குக் கனற்கல் என்று பெயர். மூன்றாவது திருத்தத்தில்தான் எனக்கு அது உறைத்தது. கதை எங்கெல்லாம் இடறியதோ அங்கெல்லாம் காலடியில் அந்தக் கல்தான் கிடந்தது.

அதற்குப் பிறகு நண்பர்களின் பிரதிகளைப் படிக்கும்போதும் இதே பழுதுகளையே திரும்பத் திரும்பப் பார்க்கிறேன். அறிகுறி வாரியாக எழுதியிருக்கிறேன். உங்கள் பிரதியில் எது தெரிகிறதோ அந்த இடத்துக்கு நேரே போய்விடலாம். அதற்கு முன் ஒரே ஒரு படம் மட்டும் மனதில் இருக்கட்டும்.

கல்லை ஓர் ஏரியாக நினைத்துக்கொள்ளுங்கள். ஏரிக்கு ஒரு கொள்ளளவு உண்டு. தண்ணீர் வந்து சேர வரத்துக் கால்வாய் உண்டு. திறந்துவிட மதகு உண்டு. மழை அதிகமானால் கரை உடையாமல் உபரியை வழியவிடக் கலிங்கு உண்டு. கரையில் கசிவும் இருக்கும். கதை எழுதும்போது நாம் கொள்ளளவை மட்டும்தான் யோசிக்கிறோம்: “ஒரு நகரத்தையே எரிக்கும் சக்தி இதற்குள் இருக்கிறது.” பழுது பெரும்பாலும் மற்ற நான்கில் ஒன்றில் இருக்கும். முதலில் பார்க்க வேண்டியது மதகு.

அறிகுறி: கல் கையில் இருப்பதால் யாருக்கும் எதற்கும் பயமில்லை

அதிகம் கண்ணில் படும் பழுது இது. நாயகி மாட்டிக்கொள்கிறாள், கல்லை எடுக்கிறாள், தப்பித்துவிடுகிறாள். இரண்டாவது தடவை இதையே படிக்கும்போது வாசகருக்குப் பதற்றமே இருப்பதில்லை.

வழக்கமான வைத்தியம் கொள்ளளவைக் குறைப்பது. இல்லாவிட்டால் கல்லைத் திருடுபோகவிடுவது. இரண்டையும் செய்து பார்த்தேன். கொள்ளளவைக் குறைத்தால், பின்னால் வரும் பெரிய காரியத்துக்குப் போதாமல் மறுபடி கூட்ட வேண்டியிருந்தது. திருடுபோகவிட்டால், திருடியவன் அதை வைத்து அன்றைக்கே ஏன் ஜெயிக்கவில்லை என்று ஒரு புதுக் கேள்வி முளைத்தது.

மதகுக்கு வருவோம். காய்ந்த விறகு ஒரு கிலோ எரிந்தால் ஏறத்தாழ 16 மெகாஜூல் வெப்பம் வரும். டிஎன்டி வெடிமருந்து ஒரு கிலோவில் இருப்பது 4 மெகாஜூலுக்குச் சற்று அதிகம், அவ்வளவுதான். அடுப்பில் வைக்கிற விறகில் வெடிமருந்தைப் போல ஏறக்குறைய நான்கு மடங்கு ஆற்றல் இருக்கிறது. ஆனாலும் விறகுக்கட்டு மதிலைப் பிளப்பதில்லை. காரணம், விறகு காற்றிலிருந்து ஆக்சிஜனை வாங்கி வாங்கி, நிதானமாக எரிந்து கொடுக்கிறது. டிஎன்டி தன்னிடம் இருப்பதை இமைக்கும் நேரத்துக்குள் கொட்டிவிடுகிறது. எவ்வளவு இருக்கிறது என்பது ஆற்றல், எவ்வளவு வேகமாகத் தர முடிகிறது என்பது திறன். பள்ளி இயற்பியலில் படித்த இந்த ஒரு வேறுபாடுதான் கதையில் வரும் கற்களில் பாதியைக் காப்பாற்றும்.

இந்த முறை கனற்கல்லின் கொள்ளளவில் நான் கைவைக்கவே இல்லை. உள்ளங்கை அளவுள்ள கல் ஒரு குதிரைத்திறனுக்கு மேல், அதாவது 746 வாட்டுக்கு மேல், எப்போதும் தராது என்று மட்டும் விதி வைத்தேன். பிறகு பழைய காட்சி ஒன்றை எடுத்துக் கணக்குப் போட்டேன். சுரங்கப்பாதையின் கடைசியில் இரண்டு டன் எடையுள்ள இரும்புக் கதவு. அதை மூன்று மீட்டர் தூக்க வேண்டும். தேவை ஏறத்தாழ 59 கிலோஜூல். கல்லில் இருப்பதில் அது ஒரு துளி. ஆனால் ஒரு குதிரைத்திறனில் அந்தக் கதவு முழுக்க மேலே போக ஏறத்தாழ 80 நொடி ஆகும். நொடிக்கு இரண்டு விரற்கடை.

முந்தைய பிரதியில் கதவு ஒரே வாக்கியத்தில் மேலே பறந்திருந்தது. புதிய பிரதியில் நாயகி கல்லைப் பள்ளத்தில் பதித்துவிட்டு மண்டியிட்டுக் காத்திருக்கிறாள். கதவின் அடியில் முதலில் ஒரு கோடு வெளிச்சம். பிறகு கை நுழையும் இடைவெளி. பின்னால் காலடிச் சத்தம் கேட்கிறது. தலை நுழையுமா என்று பார்க்கிறாள், நுழையவில்லை. கல் நிறைந்துதான் இருக்கிறது, ஆனால் அந்த நிறைவால் அவளுக்கு இப்போது ஒரு பயனும் இல்லை. அந்தப் பக்கத்தை எழுதி முடித்தபோது எனக்கே நெஞ்சு அடித்துக்கொண்டது. நாவல் முழுக்கத் தேடிக்கொண்டிருந்த பதற்றம் ஒரே ஒரு விதியில் கிடைத்துவிட்டது.

சிலருக்குக் கதையின் அமைப்பே வரம்பில்லாத கல்லைக் கேட்கும். அப்போதும் வழி இருக்கிறது. மணிமேகலையில் வரும் அமுதசுரபி அள்ள அள்ளக் குறையாதது. அதை முதலில் பெற்ற ஆபுத்திரன் தோற்றது பாத்திரம் வற்றியதால் இல்லை. இந்திரன் நாடெங்கும் மழை பெய்வித்துப் பசியையே இல்லாமல் செய்கிறான். சோறு வாங்க ஆளில்லை. பசியுள்ள நாட்டைத் தேடிக் கப்பலேறுகிறவன் மனிதர் இல்லாத மணிபல்லவத் தீவில் தனியே விடப்படுகிறான். தன் ஒருவன் வயிற்றுக்காக அதைப் பயன்படுத்த மனமில்லாமல் கோமுகிப் பொய்கையில் விட்டுவிட்டு உண்ணாதிருந்து உயிர் விடுகிறான். வற்றாத பாத்திரம் கையில் இருக்கும்போதே ஒருவனைப் பட்டினியில் சாகவைக்கத் தெரிந்த கதை இது. உங்கள் கல்லுக்குக் கொள்ளளவு வரம்பு இல்லையென்றால் அதனால் எதைச் செய்ய முடியாது, எங்கே அது பயனற்றுப் போகும் என்பதை இந்த அளவு யோசித்தாக வேண்டும்.

சரியாகிவிட்டதா என்று பார்க்க ஒரு சோதனை: கல் முழுக்க நிரம்பியிருக்கும்போதே நாயகி தோற்கிற மாதிரி ஒரு காட்சி எழுதிப் பாருங்கள். வலிந்து எழுதாமல் அது அமைந்துவிட்டால் மதகு சரியாக இருக்கிறது.

அறிகுறி: கல் எழுத்தாளருக்கு வசதிப்படும் நேரத்தில் மட்டும் தீர்ந்துபோகிறது

“ஐயோ, கல் அணைந்துவிட்டது!” என்ற வரி உங்கள் பிரதியில் இருந்தால் அதற்கு முந்தைய இருபது பக்கங்களைப் புரட்டுங்கள். கல் தீரப்போகிறது என்று வாசகர் ஊகிக்க அங்கே ஏதாவது இருக்கிறதா? இல்லையென்றால் அணைத்தது நீங்கள்தான் என்று வாசகருக்குத் தெரிந்துவிடும்.

இங்கே குறை, மட்டம் காட்டும் அளவுகோல் இல்லாதது. அதை எப்படிச் செய்வது என்பதற்கு இயற்கையே ஓர் அழகான வழி வைத்திருக்கிறது. புகைநிறக் குவார்ட்ஸ் என்று ஒரு கல் உண்டு. குவார்ட்ஸுக்குள் மிகச் சிறிதளவு அலுமினியம் கலந்திருக்கும். சுற்றியுள்ள பாறையிலிருந்து வரும் இயற்கைக் கதிர்வீச்சு நெடுங்காலமாகப் பட்டுப்பட்டு அதனுள் எலக்ட்ரான்களை இடம் பெயர்த்துவிடுகிறது. அந்த இடப்பெயர்ச்சிதான் நமக்குப் புகை நிறமாகத் தெரிகிறது. சில நூறு டிகிரிக்குச் சூடாக்கினால் எலக்ட்ரான்கள் பழைய இடத்துக்குத் திரும்பிவிடும், நிறம் போய்க் கல் தெளிந்துவிடும். உள்ளே எவ்வளவு சேர்ந்திருக்கிறது என்பதற்கு நிறமே சாட்சி.

கனற்கல்லுக்கு இதையே எடுத்துக்கொண்டேன். நிறைந்த கல் கறுத்திருக்கும். செலவாகச் செலவாக வெளுத்து, தீர்ந்தபின் வெறும் கண்ணாடித் துண்டு மாதிரி ஆகிவிடும். நிறைந்த கல் பளபளக்க வேண்டும் என்ற வழக்கத்துக்கு இது நேர்மாறு. எனக்கு இதுதான் பிடித்திருக்கிறது. ஒளிரும் கல்லை மறைத்து வைப்பது கடினம், எவ்வளவு ஒளிர்கிறது என்று வார்த்தையில் சொல்வது அதைவிடக் கடினம். கறுப்பு வெளுப்பதை ஒரு சிறுவன்கூடக் கவனித்துச் சொல்வான்: “அக்கா, கல்லு வழியா உன் விரல் தெரியுது.” அந்த ஒரு வரிக்குப் பிறகு கல் எப்போது தீர்ந்தாலும் வாசகர் உங்களைக் குற்றம் சொல்லமாட்டார்.

கூடவே பிரதிக்கு வெளியே ஒரு தாளில் வரவுசெலவு எழுதி வையுங்கள். எந்த அத்தியாயத்தில் எவ்வளவு போனது, எங்கே நிரம்பியது. இது அலுப்பான வேலைதான். ஆனால் நான் இரண்டு நாள் உட்கார்ந்து எழுதியபோது, நான்காம் அத்தியாயத்தில் முழுக்கத் தீர்ந்த ஒரு கல் நிரம்பாமலே ஆறாம் அத்தியாயத்தில் படகு ஓட்டிக்கொண்டிருந்தது தெரியவந்தது.

அறிகுறி: ஓரிடத்தில் பாறையைத் தூக்குகிறது, இன்னோரிடத்தில் விளக்கெரியத் திணறுகிறது

எண்கள் ஒன்றோடொன்று ஒட்டாத பழுது. சரிசெய்ய, உங்கள் உலகத்து மக்கள் புழங்கக்கூடிய ஓர் அலகை உருவாக்குங்கள். நான் வைத்தது விளக்கிரவு: ஒரு மெழுகுவத்தி பன்னிரண்டு மணி நேரம் எரிய ஆகும் ஆற்றல். மெழுகுவத்திச் சுடர் ஏறத்தாழ 80 வாட் வெப்பம் தருகிறது. அப்படியானால் ஒரு விளக்கிரவு என்பது ஏறத்தாழ 3.5 மெகாஜூல். இதை ஒருமுறை போட்டுவிட்டால் மற்றதெல்லாம் வகுத்தல் பெருக்கல்தான்.

போட்டுப் பார்த்தபோது நான் நம்பியிருந்த பல விஷயங்கள் தலைகீழாயின. ஒரு லிட்டர் தண்ணீரை 30 டிகிரியிலிருந்து கொதிக்கவைக்க ஏறத்தாழ 0.3 மெகாஜூல் வேண்டும். அதே ஆற்றலால் ஒரு டன் பாறையை 30 மீட்டர் உயரத்துக்குத் தூக்கிவிடலாம். நாம் கதையில் வெந்நீர் காய்ச்சுவதைச் சில்லறைச் செலவாகவும் பாறை தூக்குவதைப் பேரற்புதமாகவும் எழுதுகிறோம். கணக்கு வேறு மாதிரி. தூக்குவது மலிவு, சூடாக்குவது கொள்ளைச் செலவு. பாறை தூக்குவதைக் கடினமாக்குவது வேகமும் பிடிமானமும்தான், அதாவது மறுபடியும் மதகு.

மின்னலைப் பிடித்துக் கல்லில் அடைப்பது நமக்கெல்லாம் பிடித்த காட்சி. ஒரு மின்னலில் தோராயமாக 100 கோடி ஜூல் ஆற்றல் இருப்பதாகச் சொல்வார்கள். விளக்கிரவில் சொன்னால் 300க்கும் குறைவு. வானத்தையே கிழித்துக்கொண்டு இறங்கிய மின்னல், கல்லுக்குள் போய் ஒரு மெழுகுவத்தியை ஒரு வருடம்கூட எரியவைக்காது. இந்தக் கணக்கு என்னை மிகவும் தொட்டது. நாவலில் ஒரு கிழவர் தன் மகனைக் கொன்ற மின்னலைக் கல்லில் அடைத்து வைத்து, ஒவ்வோர் இரவும் அதில் விளக்கேற்றிக்கொண்டு இருக்கிறார். ஆண்டு முடிவதற்குள் அது வெளுத்துவிடும் என்று அவருக்குத் தெரியும். கணக்குப் போடாதிருந்தால் அந்தக் கிழவர் எனக்குக் கிடைத்திருக்கமாட்டார்.

அறிகுறி: கல் எப்படி நிரம்புகிறது என்று யாரும் கேட்டுவிடக் கூடாதே என்று நீங்களே பயப்படுகிறீர்கள்

கேட்பார்கள். வரத்துக் கால்வாயை முடிவு செய்யாமல் இருப்பதில் இன்னொரு நட்டமும் உண்டு. கல் எதனால் நிரம்புகிறது என்பதுதான் உங்கள் உலகத்தில் யார் பணக்காரர், எந்த ஊர் செழிக்கும், எந்த எல்லையில் சண்டை வரும் என்பதையெல்லாம் தீர்மானிக்கிறது.

நிஜக் கற்களிடம் யோசனை கேளுங்கள். 1603 வாக்கில் இத்தாலியின் போலோன்யா நகரத்தில் செருப்புத் தைப்பவராகவும் ரசவாதியாகவும் இருந்த வின்சென்சோ கஷாரோலோ பக்கத்து மலையில் எடுத்த கனமான கல்லைச் சுட்டுப் பார்த்தார். வெளிச்சத்தில் காட்டிவிட்டு இருட்டுக்குக் கொண்டுபோனால் அது தணல் மாதிரி ஒளிர்ந்தது. பேரைட் என்ற தாது அது. வெளிச்சத்தை வாங்கி வைத்துக்கொண்டு பிறகு கொடுத்த கல். உங்கள் கல் இந்த வகை என்றால் வெயில் அதிகமுள்ள பாலைநிலம் பணக்கார நாடாகிவிடும், மழைக்காலம் முழுக்கப் பஞ்சம்.

18ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் டச்சு வணிகர்கள் இலங்கையிலிருந்து கொண்டுபோன டூர்மலின் கல் சூடேறியதும் பக்கத்திலிருந்த சாம்பலைத் தன்பால் இழுத்தது. சாம்பல் இழுப்பான் என்றே அதைக் கூப்பிட்டார்கள். வெப்பநிலை மாறும்போது அதன் இரு முனைகளிலும் மின்னேற்றம் தோன்றுவதே காரணம். கவனியுங்கள்: வெப்பத்தால் இல்லை, வெப்பநிலை மாறுவதால். அப்படியொரு கல்லுக்கு எரிமலை மட்டும் போதாது, பக்கத்தில் பனியும் வேண்டும். இரண்டுக்கும் நடுவில் கல்லைச் சுமந்துகொண்டு நடையாய் நடக்கும் ஒரு கூட்டம் உங்கள் உலகத்தில் இருந்தாக வேண்டும். கதை அங்கேயே தொடங்கிவிடுகிறது.

அழுத்தினால் மின்சாரம் தரும் கற்களை 1880இல் பியர் கியூரியும் அவர் அண்ணன் ஜாக்கும் கண்டறிந்தார்கள். குவார்ட்ஸ், டூர்மலின், புஷ்பராகம் எல்லாம் அந்தப் பட்டியலில் இருந்தன. அடுப்புப் பற்றவைக்கும் சொடுக்கு லைட்டருக்குள் இன்றைக்கும் இந்த வித்தைதான்: சின்னச் சுத்தி ஒன்று பீங்கான் துண்டில் அடிக்கிறது, பல ஆயிரம் வோல்ட் எழும்பிப் பொறி பறக்கிறது. ஆனால் இது சேமிப்பு இல்லை. அடிக்க அடிக்கத்தான் வரும். கதையில் இதைச் சேமிக்கும் கல்லாக மாற்றலாம், தப்பில்லை. மாற்றினால் அதை நிரப்ப யாரோ அடித்துக்கொண்டே இருக்க வேண்டும். அந்தக் கைகள் யாருடையவை?

நம் மரபிலும் சூரியகாந்தக் கல் உண்டு, வெயில் பட்டதும் தீயை உமிழும் என்பார்கள். சந்திரகாந்தம் நிலவு பட்டதும் நீர் சுரக்கும். இரண்டுமே வாங்கியதை அப்போதே கொடுத்துவிடுபவை, தேக்கி வைப்பவை இல்லை. அந்தப் பெயர்களை எடுத்தாள்கிறவர்கள் இந்த வேறுபாட்டை மறந்துவிட வேண்டாம்.

அறிகுறி: ஆயிரம் ஆண்டு புதைந்து கிடந்த கல் எடுத்தவுடன் வேலை செய்கிறது

கசிவைப் பற்றி யோசிக்காத பழுது. கல்லில் இருப்பது ஆண்டுக்குப் பாதியாகக் கசிகிறது என்று எங்கேயாவது எழுதியிருந்தால், பத்தே ஆண்டில் மிஞ்சுவது 1024இல் ஒரு பங்கு. ஆயிரம் ஆண்டு புதையலில் ஒன்றும் இருக்காது.

கசியாத கல் என்று வைத்துக்கொள்ளவும் நியாயம் உண்டு. குவார்ட்ஸ், ஃபெல்ட்ஸ்பார் போன்ற தாதுக்கள் இயற்கைக் கதிர்வீச்சு தந்த ஆற்றலைச் சிறுகச் சிறுகச் சிறைப்பிடித்து ஆயிரக்கணக்கான ஆண்டுகள் வைத்திருக்கும். சூடாக்கினால் அது மங்கிய ஒளியாக வெளிவரும். அதே துண்டை உடனே மறுபடி சூடாக்கினால் அந்த ஒளி வராது, ஏனென்றால் சேமிப்பு காலி. பழங்கால மண்பாண்டத்தின் வயதைக் கண்டுபிடிக்க இதைப் பயன்படுத்துகிறார்கள். சூளையில் சுட்டபோது பானையிலிருந்த தாதுக்கள் காலியாகிவிட்டன. அன்றிலிருந்து மறுபடி சேர்ந்தது எவ்வளவு என்று பார்த்தால் சுட்ட காலம் தெரிந்துவிடும்.

இதைப் படித்த அன்று எழுதிக்கொண்டிருந்ததை நிறுத்திவிட்டு வெகுநேரம் உட்கார்ந்திருந்தேன். உங்கள் உலகத்தில் கல் மண்ணுக்குள் கிடந்து தானாக மெல்ல நிரம்புவது என்றால், ஒரு கல்லில் எவ்வளவு இருக்கிறது என்பதை வைத்து அது கடைசியாக எப்போது காலியானது என்று சொல்லிவிடலாம். பாட்டனார் காலத்திலிருந்து யாரும் தொடவில்லை என்று சத்தியம் செய்கிற குடும்பத்தின் கல் மூன்றே மாத நிறைவோடு இருக்கிறது. அந்த வீட்டுக்குள் யார் பொய் சொல்கிறார்கள்?

அறிகுறி: கல் உடைந்தால் என்ன ஆகும் என்று நீங்கள் முடிவு செய்யவில்லை

வீட்டுக்கு வீடு நூறு விளக்கிரவுக் கல் இருக்கிறது என்று வையுங்கள். 350 மெகாஜூல். அது ஒரே நொடியில் வெளியே வந்தால் 80 கிலோவுக்கு மேல் டிஎன்டி வெடித்த மாதிரி. அப்படிப்பட்ட கல்லைக் குழந்தை விளையாடும் முற்றத்தில் யாரும் தொங்கவிடமாட்டார்கள். ஆக, உடைந்தால் மதகு திறக்குமா, அல்லது உடைந்த துண்டுகள் தங்கள் பங்கைத் தங்களிடமே வைத்துக்கொள்ளுமா? இரண்டில் ஒன்றைச் சொல்லிவிடுங்கள். இரண்டாவதைச் சொன்னால் கல்லை நறுக்கிப் பங்கு போடும் தொழில் வரும். முதலாவதைச் சொன்னால் கல்லே ஆயுதம்.

“வைரத்தைப் போன்று உடைக்கவே முடியாதது” என்று எழுதுகிறவர்களுக்கு ஒரு வார்த்தை. கற்களின் கடினத்தைக் காட்டும் மோஸ் அளவில் வைரத்துக்கு உச்சமான 10. மற்ற கற்களால் கீறல் விழாது. ஆனால் அதற்குள் பிளவுத் தளங்கள் உண்டு. சரியான திசையில் கூர்மையாக ஒரு அடி விழுந்தால் இரண்டாகப் பிளந்துவிடும். மணி வெட்டுகிறவர்கள் காலகாலமாக அதை வைத்துத்தான் வைரத்தைப் பிளந்து வந்தார்கள். கீறல் தாங்குவது வேறு, அடி தாங்குவது வேறு. கல்லின் பிளவுத் திசை தெரிந்த ஒரே ஒரு கைவினைஞர் உங்கள் கதையில் எவ்வளவு ஆபத்தான மனிதர் என்று யோசியுங்கள்.

கலிங்கையும் இங்கேயே முடித்துவிடலாம். நிரம்பிய கல்லை மேலும் நிரப்பினால் உபரி எங்கே போகிறது? வெப்பமாகவா, ஒளியாகவா, ஓசையாகவா? ஒரு வரி போதும், ஆனால் அந்த ஒரு வரி இருக்க வேண்டும்.

அறிகுறி: இவ்வளவு கல் இருந்தும் உலகம் மாறவே இல்லை

சந்தையில் கூறுகட்டி விற்கிற கல்லால் கப்பல் பறக்கிறது, ஆனால் உழவர் மட்டும் இன்னும் ஏற்றம் இறைக்கிறார். காரணம் சொல்ல வேண்டும். கூறுகட்டி விற்பதை விட்டுவிட்டுக் கல்லை அரிதாக்கினால் அதுவே பெரும்பாலும் போதுமான காரணம். ஆனால் அரிது என்பது நிரந்தரம் இல்லை. 19ஆம் நூற்றாண்டின் நடுவில் அலுமினியம் விலைமதிப்புள்ள உலோகங்களோடு வைத்து எண்ணப்பட்டது. வாஷிங்டன் நினைவுத் தூணின் உச்சியில் 1884இல் பெருமையாக அலுமினிய முனை பொருத்தினார்கள். இரண்டே ஆண்டில், 1886இல், அமெரிக்காவில் ஹாலும் பிரான்சில் எரூவும் தனித்தனியே மின்சாரத்தால் அலுமினியத்தைப் பிரித்தெடுக்கும் மின்பகுப்பு முறையைக் கண்டுபிடித்தார்கள். அதன்பின் விலை சரிந்து, பாத்திரம் செய்யும் பொருளாகிவிட்டது. உங்கள் கல்லை வளர்க்க யாராவது வழி கண்டுபிடித்தால் அடுத்த நாள் யார் அழுவார்கள், யார் சிரிப்பார்கள் என்பது உங்களுக்காவது தெரிந்திருக்கட்டும்.

அறிகுறி: எல்லாக் கல்லும் நீல நிறத்தில் ஒளிர்ந்துகொண்டே இருக்கிறது

என் பழைய பிரதியில் “நீல ஒளி” என்ற சொல்லைத் தேடினேன். பக்கத்துக்குப் பக்கம் வந்துகொண்டே இருந்தது. கண்ணை மட்டும் வைத்து எழுதினால் இப்படித்தான் ஆகும். கல்லுக்கு எடை உண்டு, சூடு உண்டு, விரலில் சுரசுரப்பு உண்டு, ஆற்றல் வெளியே வரும்போது ஓசை உண்டு.

அந்த நீல ஒளியை நிஜமாகவே ஒருமுறை பார்த்துவிட்டு எழுதுங்கள். பெரிய கற்கண்டுத் துண்டு ஒன்றை எடுத்துக்கொண்டு, விளக்கை அணைத்து, வெளிச்சம் துளிகூட நுழையாத அறையில் பத்துப் பதினைந்து நிமிடம் கண்ணைப் பழக்குங்கள். பிறகு இடுக்கியால் நசுக்குங்கள். முறியும் அந்தக் கணத்தில் ஒரு வெளிறிய மினுக்கம் வந்து போகும். படிகம் பிளக்கும்போது இரு பக்கமும் மின்னேற்றம் பிரிந்து, இடையிலுள்ள காற்றின் நைட்ரஜன் ஒளிர்வதுதான் அது. இருட்டில் சர்க்கரையை உடைத்தால் இப்படி மின்னுவதை 17ஆம் நூற்றாண்டின் தொடக்கத்திலேயே ஆங்கிலேயத் தத்துவ அறிஞர் பிரான்சிஸ் பேக்கன் எழுதி வைத்திருக்கிறார்.

எனக்கு மூன்றாவது துண்டில்தான் தெரிந்தது. முதலில் நெறிபடும் சத்தம், அதோடு சேர்ந்தே ஒளி, பார்த்தேனா இல்லையா என்ற சந்தேகம், பிறகு கையெல்லாம் பிசுபிசுப்பு. எழுந்துபோய் பிரதியில் இருந்த நீல ஒளிகளை எல்லாம் அடித்துவிட்டு, நாவல் முழுக்க ஒரே ஓர் இடத்தில், கிழவரின் கல் உடையும் இடத்தில் மட்டும், அதை வைத்துக்கொண்டேன்.